தறி ஓடும் வீட்டின் வரி

சேலம் மாவட்டத்து ஜலகண்டாபுரத்தின் நெசவுத் தெருக்களில் வீடு எங்கே முடிகிறது, தொழிற்கூடம் எங்கே தொடங்குகிறது என்று கோடு போடுவது எளிதல்ல. முன்கட்டில் தறி, பின்கட்டில் அடுப்பு; தறிக்கும் அடுப்புக்கும் நடுவில் ஒரு பாதிச் சுவர். பகலில் தார் சுற்றும் இடத்தில்தான் இரவில் பிள்ளைகள் படுப்பார்கள். வீட்டோடு ஒட்டி ஓடு போட்டோ சிமெண்ட் அட்டை போட்டோ ஒரு தறிப்பட்டறை இருந்தால், அதற்கும் வீட்டுக்கும் ஒரே கொல்லை, ஒரே கிணறு, ஒரே குடும்பம். ஆனால் பேரூராட்சியின் வரிப் பதிவேட்டில் ஒரு கட்டடம் குடியிருப்பாக இருக்க வேண்டும், இல்லையேல் வணிகமாகவோ தொழிற்கூடமாகவோ இருக்க வேண்டும். எந்தக் கட்டத்தில் எழுதப்படுகிறது என்பதைப் பொறுத்து அந்தக் குடும்பம் கட்டும் தொகை மாறிவிடுகிறது.

2022 ஏப்ரலில் தமிழ்நாடு முழுவதும் சொத்து வரி உயர்ந்தபோது இந்த வேறுபாடு பெரிதாகத் தெரிந்தது. பேரூராட்சிகளில் 600 சதுர அடிக்கு உட்பட்ட வீடுகளுக்கு 25 விழுக்காடு, 601 முதல் 1,200 வரை 50, 1,201 முதல் 1,800 வரை 75, அதற்கு மேல் 100 விழுக்காடு என்று உயர்வு வைத்தார்கள். சிறிய வீட்டுக்குச் சலுகை, பெரிய வீட்டுக்குச் சுமை: நியாயமான படிக்கட்டு. வணிகக் கட்டடங்களுக்கு 100 விழுக்காடு. தொழிற்கூடங்களுக்கும் சுயநிதிக் கல்வி நிலையங்களுக்கும் 75. இந்தக் கடைசி வரியில் படிக்கட்டு இல்லை. இரண்டு தறி ஓடும் சின்னப் பட்டறையும் இருநூறு பேர் வேலை செய்யும் ஆலையும் ஒரே விழுக்காட்டில் நின்றன. ஒரு கணக்குக்காக எடுத்துக்கொள்வோம்: அரையாண்டுக்கு 400 ரூபாய் கட்டிய 550 சதுர அடி வீட்டுக்கு 500 ரூபாய் ஆனது, அதே 400 ரூபாய் கட்டிய அதே அளவுத் தறிப்பட்டறைக்கு 700 ரூபாய் ஆனது. பொதுவாகத் தொழிற்கூடத்துக்கு அடிப்படை மதிப்பே வீட்டைவிட அதிகமாகத்தான் வைக்கப்படுகிறது என்பதால் உண்மையான இடைவெளி இதைவிடக் கூடுதல்.

தொகை சிறியது என்று தோன்றலாம். நெசவுக்காரர் கூலிக்கு ஓட்டுகிறவர், பாவும் நூலும் முதலாளியுடையவை, கூலி மீட்டர் கணக்கு அல்லது புடவைக் கணக்கு என்பதை நினைவில் வைத்துக்கொண்டு பார்த்தால் சிறியதாகத் தோன்றாது. ஆனாலும் வரி வேண்டாம் என்று சொல்ல இதை எழுதவில்லை. ஜலகண்டாபுரம் போன்ற ஒரு பேரூருக்குத் தன் கையால் சம்பாதிக்கும் வருமானம் என்று பெருமளவில் இருப்பது இந்த ஒரு வரிதான். அது சரியாக விதிக்கப்பட வேண்டும், அந்த ஊரே அதைத் தீர்மானிக்க வேண்டும், தறியின் மேல் விழும் பாரம் சும்மா கிடக்கும் மனையின் மேல் கொஞ்சம் நகர வேண்டும் என்பதே என் வாதம். இந்த வாதத்துக்குச் சேலத்தின் வரி வரலாற்றைவிட நல்ல சான்று வேறு எங்கும் கிடைக்காது.

தறிக்கு வரி என்பது இங்கே புதிதல்ல. பல்லவர் செப்பேடுகளில் தறிக்கூறை என்ற வரி வருகிறது. சோழர் கல்வெட்டுகளில் தறியிறையும் மனையிறையும் தனித்தனியாகப் பேசப்படுகின்றன. அதாவது குடியிருக்கும் மனைக்கு ஒன்று, ஓடும் தறிக்கு ஒன்று. விசயநகர ஆட்சியில் 1429-இல் காவிரிப் பகுதியில் வலங்கையாரும் இடங்கையாரும் ஒன்றுகூடி, நியாயமான அளவுக்கு மேல் வரி கட்டுவதில்லை என்று முடிவெடுத்துக் கோயில் சுவரில் வெட்டி வைத்தார்கள். உழுகிறவர்களும் கைத்தொழில் செய்கிறவர்களும் சேர்ந்து எடுத்த முடிவு அது. வரி எவ்வளவு என்பதை வரி கட்டுகிறவர்களும் பேச வேண்டும் என்ற எண்ணம் நம் மண்ணுக்கு வெளியிலிருந்து வந்ததல்ல என்பதற்காக இதைச் சொல்கிறேன். பிறகு வந்த கிழக்கிந்தியக் கம்பெனி தறி, செக்கு, கடை, கைத்தொழில் எல்லாவற்றின் மேலும் மொதுர்பா என்ற வரியைத் தொடர்ந்து வசூலித்தது. 1852-இல் கஜுலு லட்சுமிநரசு செட்டியின் சென்னைச் சுதேசி சங்கம் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்துக்கு அனுப்பிய மனுவில் சொன்ன குறைகளில் இந்த வரியும் ஒன்று. பின்னர் அது கைவிடப்பட்டது. தறி என்ற பெயரில் இருந்த வரி அத்தோடு போயிற்று.

நிலவரியின் கதை இன்னும் நேராகச் சேலத்தில் தொடங்குகிறது. 1792-இல் திப்பு சுல்தானோடு ஸ்ரீரங்கப்பட்டணத்தில் ஏற்பட்ட உடன்படிக்கையில் பாராமகாலும் சேலமும் கம்பெனி கைக்கு வந்தன. கேப்டன் அலெக்சாண்டர் ரீட் பொறுப்பேற்றார். அவருக்குக் கீழே தாமஸ் மன்றோ 1799 வரை வேலை பார்த்தார். ஊர் ஊராக நிலத்தை அளந்து, ஒவ்வொரு உழவரின் நிலத்துக்கும் தனித்தனியாகத் தீர்வை கட்டும் முறையை அவர்கள் இங்கேதான் சோதித்துப் பார்த்தார்கள். அதுதான் பின்னாளில் சென்னை மாகாணத்தின் பெரும்பகுதிக்கும் பரவிய ரயத்துவாரி. நடுவில் 1802-ஐ ஒட்டி வந்த நிலையான தீர்வை முறையில் சேலத்து நிலங்களை மிட்டாக்கள் எனப்பட்ட எஸ்டேட்டுகளாகப் பிரித்து ஏலம் விட்டார்கள். அது பல இடங்களில் நிலைக்கவில்லை. எப்படியானாலும் பத்தொன்பதாம் நூற்றாண்டு முழுவதும் அரசு நடந்ததே நிலத்தின் மேல் விதித்த வரியால்தான். சொத்து வரி என்று இன்று நாம் நகராட்சியோடு மட்டும் சேர்த்து நினைப்பது, அன்று மாகாணத்தின் முதுகெலும்பு.

வீட்டு வரி வந்தது வேறு தேவைக்காக. 1865-இன் நகர மேம்பாட்டுச் சட்டத்தைத் தொடர்ந்து 1866-இல் சேலம் நகராட்சி ஆனது. 1882-இல் ரிப்பன் பிரபு உள்ளாட்சி பற்றிய தீர்மானத்தை வெளியிட்டார். 1884-இன் சென்னை உள்ளாட்சிச் சட்டம் ஜில்லா போர்டு, தாலுகா போர்டு, அவற்றுக்குக் கீழே பெரிய கிராமங்களைச் சேர்த்த யூனியன் என்று மூன்று அடுக்கு வைத்தது. அந்த யூனியன்களுக்குத் தெரு விளக்கு, சுத்தம், சாலை ஆகிய வேலைகளும் அவற்றுக்கென்று வீட்டு வரியும் தரப்பட்டன. இன்றைய பேரூராட்சியின் வேலைப் பட்டியலும் கிட்டத்தட்ட அதுதான். குடிநீரும் குப்பையும் பெருத்துவிட்டன, அவ்வளவே.

இதன் பிறகு நடந்ததுதான் என்னைப் பொறுத்தவரை இந்தக் கட்டுரையின் மையம். அதுவும் சேலத்தில்தான் நடந்தது. 1917 முதல் இரண்டாண்டு சேலம் நகராட்சித் தலைவராக இருந்த இராஜாஜி, 1937-இல் மாகாணப் பிரதமர் ஆனார். அந்த ஆண்டு அக்டோபர் 1 அன்று மதுவிலக்கை முதன்முதலாகச் சேலம் மாவட்டத்தில் கொண்டுவந்தார். கள், சாராய வருமானம் போன இடத்தை நிரப்ப 1939-இல் சென்னைப் பொது விற்பனை வரிச் சட்டம் வந்தது. அந்த வரி வந்ததும் மாகாணம் நிலத்தை நம்பியிருந்த காலம் முடிந்தது. விலை ஏறினால் விற்பனை வரி தானாக ஏறும். யாரும் உத்தரவு போட வேண்டியதில்லை, யாரும் தெருவில் இறங்கிப் போராடுவதுமில்லை. அதன் பின் நிலத்தீர்வை சலுகைகளாலும் தள்ளுபடிகளாலும் தேய்ந்து பெயரளவுக்கு நின்றது. விற்பனை வரி வளர்ந்து, 2017 ஜூலை 1 முதல் அதில் பெரும்பகுதி சரக்கு சேவை வரிக்குள் போனது. மாநிலம் தானாக வளரும் வரியை எடுத்துக்கொண்டது. ஊரின் கையில் மிஞ்சியது, யாராவது ஒருவர் உத்தரவு போட்டால் மட்டுமே வளரும் வரி. உள்ளாட்சியின் ஏழ்மை அங்கே தொடங்குகிறது.

ஊருக்கு மிஞ்சிய அந்த வரிக்கு 1920-இன் மாவட்ட நகராட்சிகள் சட்டம் வகுத்த கணக்கு அழகானது. ஒரு கட்டடத்தை வாடகைக்கு விட்டால் ஆண்டுக்கு எவ்வளவு நியாயமாகக் கிடைக்குமோ அது அதன் ஆண்டு மதிப்பு. கட்டடத்துக்குரிய பகுதியில் பழுதுபார்ப்புக்காக 10 விழுக்காடு கழித்துக்கொள்ளலாம். மீதியில் ஒரு பங்கு வரி. சிங்கப்பூரில் இன்றும் ஆண்டு மதிப்பின் மேல்தான் சொத்து வரி. யாழ்ப்பாணத்தில் சோலைவரி என்று கட்டுவதும் இதே குடும்பத்தைச் சேர்ந்தது. ஆனால் வாடகை ஆண்டுதோறும் மாறும், மதிப்பீடு மாற வேண்டுமே. தமிழ்நாட்டில் பொதுச் சீராய்வு 1998-இல் நடந்தது, அடுத்தது 2008-இல், சென்னையில் அதுவும் இல்லை. பத்தாண்டுகள் ஒரு பைசா ஏறாத வரி என்றால், விலைவாசி ஏறிய அளவுக்கு அது உண்மையில் குறைந்துகொண்டே போகிறது. துப்புரவுப் பணியாளர் ஊதியமும் டீசலும் மின்கட்டணமும் குறைவதில்லை.

அப்புறம் ஒரே நாளில் அடி விழுகிறது. 2018 ஜூலையில், உயர் நீதிமன்றம் சீராய்வு ஏன் நடக்கவில்லை என்று கேட்ட பின்னணியில், குடியிருப்புகளுக்கு 50 விழுக்காடும் மற்றவற்றுக்கு 100 விழுக்காடும் வரை உயர்த்த அரசு உத்தரவிட்டது. எதிர்ப்பு எழுந்தது. 2019 நவம்பரில் உள்ளாட்சித் தேர்தல் நெருங்கும் வேளையில் அது நிறுத்தி வைக்கப்பட்டது. கூடுதலாகக் கட்டியதைப் பின்வரும் தவணைகளில் கழித்துக்கொள்ளலாம் என்றார்கள். முதலில் கட்டியவர் ஏமாந்தவர் போலவும் கட்டாதவர் கெட்டிக்காரர் போலவும் ஆன அந்தப் பதினாறு மாதங்கள் வரி கட்டும் பழக்கத்துக்குச் செய்த கேட்டை எந்த அட்டவணையிலும் பார்க்க முடியாது.

இதில் ஒரு விஷயத்தை நாம் போதுமான அளவு பேசவில்லை. 2016 அக்டோபரில் முந்தைய மன்றங்களின் காலம் முடிந்தது. நகர்ப்புற உள்ளாட்சிகளுக்கு அடுத்த தேர்தல் நடந்தது 2022 பிப்ரவரி 19. நடுவில் ஐந்தாண்டுகளுக்கும் மேலாகப் பேரூராட்சிகளில் தேர்ந்தெடுக்கப்பட்ட ஒருவர்கூட இல்லை. தனி அலுவலர்கள் நடத்தினார்கள். 2018 உயர்வும் 2019 நிறுத்தமும் அந்த இடைவெளியில் நடந்தவை. 2022 மார்ச்சில் புதிய கவுன்சிலர்கள் பதவியேற்றார்கள். சரியாக ஒரு மாதம் கழித்து, ஏப்ரல் தொடக்கத்தில், விழுக்காடுகள் சென்னையிலிருந்து அறிவிக்கப்பட்டன. மன்றங்கள் தீர்மானம் போட்டன. என்ன விழுக்காடு, எந்த வகைக்கு எவ்வளவு, தறிப்பட்டறை எந்தக் கட்டம் என்று ஜலகண்டாபுரத்தின் மன்றம் உட்கார்ந்து பேச இடமே இருக்கவில்லை. 1993 ஜூன் 1 முதல் நடப்பில் உள்ள 74-ஆவது அரசியல் சட்டத் திருத்தம் பேரூராட்சிகளையும் தன்னாட்சி அமைப்புகளாகத்தான் பார்க்கிறது. ஆனால் வரி விதிக்கும் அதிகாரத்தை மாநிலச் சட்டமன்றம் எவ்வளவு தருகிறதோ அவ்வளவுதான் என்றும் அதே திருத்தம் சொல்கிறது. அந்தக் கதவு வழியாகத்தான் அதிகாரம் மீண்டும் கோட்டைக்குப் போனது.

அரசின் தரப்பிலும் நியாயம் இருந்தது. பதினைந்தாவது நிதிக்குழு 2021 முதல் 2026 வரை நாட்டின் உள்ளாட்சிகளுக்கு 4,36,361 கோடி ரூபாய் பரிந்துரைத்து, நகர்ப்புறப் பங்குக்கு ஒரு நிபந்தனை வைத்தது: சொத்து வரிக்குக் குறைந்தபட்ச அடிப்படை விகிதத்தை மாநிலம் அறிவிக்க வேண்டும், அதன் பிறகு வசூல் மாநிலத்தின் உற்பத்தி வளர்ச்சிக்கு ஈடாக ஏற வேண்டும். ஏறாவிட்டால் பணம் வராது. 2023 ஏப்ரல் 13 முதல் நடைமுறைக்கு வந்த நகர்ப்புற உள்ளாட்சிகள் சட்டத்தின் வழியே, 6 விழுக்காட்டை அடியாக வைத்து ஆண்டுதோறும் உயர்த்தும் முறையும் வந்தது. சென்னை மாநகராட்சி 2024-இல் அதற்குத் தீர்மானம் நிறைவேற்றியது. பத்தாண்டு மௌனமும் பதினோராம் ஆண்டு அடியும் என்பதைவிட, ஆண்டுதோறும் சிறிது ஏறுவது எவ்வளவோ மேல். இதை நான் தயக்கமின்றி ஆதரிக்கிறேன். ஆனால் 6 விழுக்காடு வீதம் ஏறினால் பன்னிரண்டு ஆண்டுகளில் வரி இரட்டிப்பாகும். அடிப்படையில் பிழை இருந்தால் அந்தப் பிழையும் இரட்டிப்பாகும். தறிப்பட்டறையை ஆலையோடு ஒரே கட்டத்தில் வைத்துவிட்டு ஆண்டுதோறும் விழுக்காடு சேர்த்துக்கொண்டே போனால், நாளடைவில் யாருக்கும் தொடக்கத்தில் நடந்தது என்ன என்று நினைவிருக்காது.

இந்த வரியை ஏன் காப்பாற்ற வேண்டும் என்பதையும் சொல்ல வேண்டும். ஜலகண்டாபுரம் மேட்டூர் வட்டத்தில் இருக்கிறது. காவிரி அணை பக்கத்தில், ஆனாலும் இந்த மேட்டு நிலத்துக்கு ஆற்று நீர் இயல்பாக ஏறாது. மேட்டூரிலிருந்து இறைத்து வரும் கூட்டுக் குடிநீர்த் திட்டங்களால்தான் இப்பகுதி ஊர்களுக்குக் காவிரி கிடைக்கிறது. தண்ணீரை இறைக்கவும், தொட்டியில் ஏற்றவும், குழாய் உடைந்தால் ஆள் அனுப்பவும் ஒவ்வொரு நாளும் பணம் வேண்டும். பதினைந்தாவது நிதிக்குழுவின் மானியத்தில் 60 விழுக்காடு குடிநீருக்கும் சுகாதாரத்துக்கும் என்று கட்டிப்போட்டுத்தான் வந்தது. மாநில நிதி ஆணையத்தின் பரிந்துரைப்படி மாநிலத்தின் சொந்த வரி வருவாயில் 10 விழுக்காடு உள்ளாட்சிகளுக்குப் பகிர்ந்தளிக்கப்படுகிறது. பேரூராட்சிக்கு அதில் ஒரு துண்டு. ஆனால் இந்தப் பகிர்வு எப்போது வரும், எதற்குக் கழித்துக்கொள்ளப்படும் என்பது ஊரின் கையில் இல்லை. தெரு விளக்கு எரியவில்லை என்று ஒருவர் கேட்கும்போது, நம் பணத்தில் நாமே சரி செய்யலாம் என்று சொல்ல மன்றத்துக்கு இருப்பது வீட்டு வரியும் அதனோடு வரும் சில கட்டணங்களும்தான். தொழில் வரியும் உண்டு. ஆனால் அதற்கு அரசியல் சட்டமே ஆண்டுக்கு 2,500 ரூபாய் என்று உச்சவரம்பு கட்டி வைத்திருக்கிறது.

வீட்டு வரி ரசீதில் ஒளிந்திருக்கும் இன்னொன்று நூலக வரி. 1948-இன் சென்னைப் பொது நூலகச் சட்டம் விடுதலை பெற்ற இந்தியாவில் முதலாவது. எஸ்.ஆர். அரங்கநாதன் பல்லாண்டு வாதாடியதன் பலன். வீட்டு வரியில் ரூபாய்க்கு ஆறு தம்பிடி என்று தொடங்கிய அந்த மேல்வரி இன்று ரூபாய்க்குப் பத்து பைசா. ஒரு நெசவுக் குடும்பம் கட்டும் வரியிலிருந்து ஒரு கிளை நூலகத்துக்குப் பத்திரிகை வாங்கப்படுகிறது என்பது எனக்குப் பெரிய விஷயமாகவே படுகிறது. அந்தப் பணம் நூலகத்துக்கென்று தனியாக வசூலிக்கப்படுவது. அது ஒரு நாளும் பொதுக் கணக்கில் தங்கக் கூடாது.

மக்கள் இந்த வரியை வெறுக்கிறார்கள் என்பது பாதி உண்மை. வீட்டு வரி ரசீது ஒருவர் பெயரில் வந்துவிட வேண்டும் என்று அலுவலகத்துக்கு நடப்பவர்களும் இதே ஊர்க்காரர்கள்தான். மின் இணைப்பு, வங்கிக் கடன், முகவரிச் சான்று என எல்லாவற்றுக்கும் அந்த ரசீது தேவைப்படுகிறது. பட்டா தெளிவில்லாத நத்தத்தில் மூன்று தலைமுறையாக இருப்பவருக்கு, இங்கே இருக்கிறேன் என்று அரசு ஒப்புக்கொண்ட ஒரே தாள் அது. ரசீது உரிமை ஆகாது என்று நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கின்றன. ஆனாலும் பெயர் மாற்றத்துக்காக அண்ணனும் தம்பியும் கசந்துகொள்வது அந்தத் தாளின் மதிப்பைக் காட்டுகிறது. ஊரோடு தனக்குள்ள பந்தத்தை ஒரு குடும்பம் பதிவு செய்துகொள்ளும் இடமாகவும் வரிப் பதிவேடு இருக்கிறது.

இப்போது மனைக்கு வருவோம். சேலத்தைச் சுற்றியுள்ள எந்தப் பேரூருக்குப் போனாலும் விளிம்பில் வண்ணக் கல் நட்ட மனைப்பிரிவுகளைப் பார்க்கலாம். வாங்கினவர்கள் பலர் வெளியூர். வீடு கட்டும் எண்ணமில்லை, விலை ஏறக் காத்திருக்கிறார்கள். காலி மனைக்கும் சொத்து வரி உண்டு. சதுர அடிக்குப் பைசாக் கணக்கில். அதுவும் பெரும்பாலும் ஆண்டுதோறும் வசூலாவதில்லை. கட்டட அனுமதி கேட்டு வரும்போது பழைய பாக்கியோடு சேர்த்துப் பிடிக்கப்படுகிறது. கட்டாமலே விற்றுவிடுகிறவரை அது தொடுவதேயில்லை. அந்த மனையின் விலை ஏறியது எதனால்? முன்னால் போட்ட தார்ச் சாலையால், எட்டின குழாயால், பக்கத்து ஊர் நகராட்சி ஆனதால். 2021-இல் தாரமங்கலமும் இடங்கணசாலையும் பேரூராட்சியிலிருந்து நகராட்சி ஆயின. அப்படி ஓர் அறிவிப்பு வந்தால் சுற்றுவட்ட மனை விலை என்ன ஆகும் என்பது இப்பகுதியில் எல்லாருக்கும் தெரியும். ஊர் தன் செலவில் உண்டாக்கிய மதிப்பு, ஊருக்கு ஒன்றும் தராத ஒருவரிடம் சேர்கிறது.

விற்கும் நாளில் மட்டும் வரி கனமாக இருக்கிறது. 10 லட்சம் ரூபாய் மனையைப் பதிவு செய்ய முத்திரைத் தீர்வை 7 விழுக்காடு, 2023 ஏப்ரல் முதல் பதிவுக் கட்டணம் 2 விழுக்காடு: ஆக 90,000 ரூபாய். இந்த 7 விழுக்காட்டில் 2 விழுக்காடு உள்ளாட்சிக்குரிய மேல்வரி, மீதி மாநிலத்துக்கு. கைமாறும்போது தொண்ணூறாயிரம், வைத்திருக்கும் காலமெல்லாம் ஆண்டுக்குச் சில நூறு. விற்காமல் வைத்திருப்பதற்கு இதைவிட நல்ல தூண்டுதல் யாரும் கண்டுபிடிக்க முடியாது. வீடு கட்ட மனை தேடும் நெசவுக்காரருக்கு விலை எட்டாமல் போவதில் இந்தத் தலைகீழ் அமைப்புக்கும் பங்கு உண்டு. தறியின் மேலும் செங்கல்லின் மேலும் வரி போட்டால் தறியும் செங்கல்லும் குறையும். மண்ணின் மேல் போட்டால் மண் குறையாது.

வெளியே இரண்டு ஊர்களின் அனுபவம் நமக்கு உதவும். பாட்னாவில் 1993-இல், யாருக்கும் புரியாத வாடகை மதிப்பீட்டைத் தூக்கிவிட்டு, கட்டடம் எந்தச் சாலையில் இருக்கிறது, எந்த வகை, எதற்குப் பயன்படுகிறது என்ற மூன்றை மட்டும் வைத்துக் கணக்கு போட்டார்கள். 43.75 விழுக்காடாக இருந்த விகிதத்தை 9 ஆகக் குறைத்தார்கள். வசூல் கூடியது. தன் வரியைத் தானே பெருக்கிப் பார்க்க முடிந்தவர் கட்டத் தயங்குவதில்லை. வரி விதிக்க வருபவரோடு பேரம் பேச வேண்டிய தேவை ஒழிந்ததே அதன் பெரிய பயன்.

மற்றது எச்சரிக்கை. அமெரிக்காவில் பள்ளிகளே பெரிதும் உள்ளூர்ச் சொத்து வரியில்தான் நடக்கின்றன. டெக்சாஸின் சான் அன்டோனியோ நகரில் எட்ஜ்வுட் என்ற ஏழைப் பள்ளி மாவட்டத்தில் ஒரு மாணவருக்கு 356 டாலர், அதே நகரின் வசதியான அலமோ ஹைட்ஸில் 594 டாலர் என்று செலவு இருந்தது. எட்ஜ்வுட் மக்கள் குறைந்த விகிதத்தில் கட்டியதால் வந்ததல்ல இது. வரி போட அவர்களிடம் சொத்து இல்லை. டெமெட்ரியோ ரோட்ரிகஸ் என்ற தகரத் தொழிலாளியும் மற்றப் பெற்றோரும் தொடுத்த வழக்கை 1973-இல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில் தள்ளியது. ஊர் தன் வரியில் தானே நிற்கட்டும் என்று நம் ஊரிலும் பேசுகிறவர்கள் இந்த வழக்கை மறக்கக் கூடாது. ஜலகண்டாபுரத்தால் ஏற்காடு அடிவாரத்து மாளிகைகளுக்கு வரி போட முடியாது. மாநிலத்தின் 10 விழுக்காடு தருமம் அல்ல. விற்பனை வரியாக இந்த நெசவுத் தெருக்களிலிருந்தும் போன பணம் திரும்பி வருவது. அது நீடிக்க வேண்டும், வளரவும் வேண்டும். அதன் மேல் ஊர் தன் பங்கைச் சேர்க்க வேண்டும்.

அந்தப் பங்கில் தறிக்கு என்ன இடம்? விசைத்தறி வைத்திருப்போர் சங்கங்கள் பல மாவட்டங்களிலும் கேட்பது, சிறிய தறிக்கூடத்தைக் குடியிருப்பு விகிதத்தில் வையுங்கள் என்பது. குறைந்தபட்சம் வீட்டுக்கு வைத்த படிக்கட்டையாவது பட்டறைக்கும் வைக்கலாம். 600 சதுர அடிக்குள் இருக்கும் தறிக்கு, 600 சதுர அடிக்குள் இருக்கும் வீட்டின் விழுக்காடு. அதனால் குறையும் தொகையை, மனைப்பிரிவுகளின் காலி மனை வரியை ஒவ்வோர் அரையாண்டும் கேட்பு–வசூல்–நிலுவைக் கணக்கில் ஏற்றி உண்மையாக வசூலித்தாலே எடுத்துவிடலாம். எந்தக் கட்டடம் உண்மையில் சிறுதறிக்கூடம், எது தறி என்ற பெயரில் நடக்கும் கிடங்கு என்று பிரிப்பது கடினம் என்பார்கள். மின்வாரியம் அதை ஏற்கெனவே பிரித்து வைத்திருக்கிறது. விசைத்தறிக்குத் தனிக் கட்டண வகை, தனி இணைப்பு. 2016-இல் இரு மாதத்துக்கு 750 யூனிட் இலவசம், 2023 மார்ச் முதல் 1,000 யூனிட். கைத்தறிக்கு 200 இருந்தது 300 ஆனது. சிறு நெசவைக் காக்க வேண்டும் என்று மின்சாரத்தில் ஒப்புக்கொண்ட அரசு, அதே தறி நிற்கும் கூரைக்கு வரி போடும்போது அதை ஆலை என்று எழுதுகிறது. மின் இணைப்பு எண்ணையும் வரி விதிப்பு எண்ணையும் சேர்த்து வைத்தால் பட்டியல் ஒரு நாளில் கிடைக்கும்.

அதே பட்டியலுக்கு இன்னொரு பயன் உண்டு. 1920 சட்டத்தில் ஒரு மனிதாபிமானமான பிரிவு இருந்தது: ஓர் அரையாண்டில் தொடர்ந்து முப்பது நாளோ அதற்கு மேலோ கட்டடம் ஆளில்லாமல், வாடகைக்கும் போகாமல் கிடந்தால், அந்தக் காலத்துக்கான கட்டட வரியில் பாதி வரை தள்ளலாம். எழுத்து மூலம் அறிவித்தவருக்குத்தான் அது கிடைத்தது. தெரிந்தவர்கள் மிகச் சிலர். நூல் விலை ஏறி, பாவு வராமல், மாதக்கணக்கில் தறி நிற்பது இந்த ஊர்களில் புதிதல்ல. பட்டறை நின்ற மாதங்களை நெசவுக்காரர் மனு எழுதி நிரூபிக்க வேண்டியதில்லை. தறி இணைப்பின் மீட்டர் ஓடவில்லை என்பது இரு மாதத்துக்கு ஒரு முறை மின்வாரியக் கணக்கிலேயே பதிவாகிறது. அந்தக் கணக்கைப் பேரூராட்சிக்கு அனுப்பி, நின்ற காலத்துக்குப் பாதி வரியைத் தானாகவே குறைத்து அடுத்த கேட்பு அறிவிப்பை எழுதச் சொல்ல ஓர் அரசாணை போதும்.